பச்சை நாடா கட்டிய தொப்பி

தொப்பியைச் சுற்றி இரண்டு அங்குல அகலத்தில் ஒரு பச்சை நாடா. இரண்டு கைகளிலும் அதே அகலத்தில் ஒரு பச்சைப் பட்டை. 1862 ஆகஸ்ட் 2ஆம் தேதி, அமெரிக்க உள்நாட்டுப் போரின் நடுவே வெளியான ஓர் உத்தரவில் இது இருக்கிறது. போர்க்களத்தில் விழுந்து கிடப்பவனைத் தூக்கப் போகிறவர்கள் இந்த அடையாளத்தோடு இருக்க வேண்டும். இது இல்லாத எவனும், அடிபட்டவன் சொந்தத் தம்பியாகவே இருந்தாலும், அவனைத் தூக்கிக்கொண்டு பின்வரிசைக்குப் போகக் கூடாது.

முதலில் படித்தபோது இது என்ன கல்நெஞ்சம் என்றுதான் தோன்றியது. பிறகுதான் புரிந்தது, இதை எழுதியவர் எத்தனை ஆயிரம் பேரை வெட்டவெளியில் சாக விடாமல் காப்பாற்றியிருக்கிறார் என்று.

அவர் பெயர் ஜோனதன் லெட்டர்மேன். ராணுவ டாக்டர். உத்தரவை எழுதும்போது அவருக்கு வயது 37. அந்தப் போரைப் பற்றிக் கேட்டால் லிங்கன் பெயரைச் சொல்வோம், கிராண்ட், லீ என்று தளபதிகளைச் சொல்வோம், மருத்துவம் என்றால் கிளாரா பார்ட்டனைச் சொல்வோம். லெட்டர்மேனைச் சொல்பவர்கள் குறைவு. வேலை நிமித்தமாக மேரிலாண்டில் குடியேறிய பிறகு, ஒரு சனிக்கிழமை ஷார்ப்ஸ்பர்க் பக்கம் ஆன்டீட்டம் போர்க்களத்தைப் பார்க்கப் போன இடத்தில்தான் நானும் அவரைத் தெரிந்துகொண்டேன். அங்கே மேட்டின் மேல் ப்ரை குடும்பத்தாரின் பழைய செங்கல் வீடு ஒன்று இருக்கிறது. 1862 செப்டம்பரில் வடக்குப் படைத் தளபதி மெக்லெல்லன் தங்கியிருந்த வீடு. லெட்டர்மேனும் அங்கிருந்துதான் வேலை பார்த்தார். இப்போது அது போர்க்கள மருத்துவமனை பற்றிய அருங்காட்சியகம். உள்ளே ரம்பங்களையும் கத்திகளையும் பார்க்கக் கூட்டம் நின்றது. நான் ஒரு ஸ்ட்ரெச்சருக்கு முன்னால் நின்றுவிட்டேன்.

அதற்குக் காரணம் என் பெரியப்பா.

1994இல் தாராபுரம் சாலையில் அவருடைய சைக்கிளை ஒரு லாரி இடித்துவிட்டுப் போய்விட்டது. வலது கால் முழங்காலுக்குக் கீழே முறிந்திருந்தது. கூட்டம் கூடியது. ஒருவர் சோடா வாங்கி வந்தார், ஒருவர் துண்டை நனைத்துக் கட்டினார், ஒரு அம்மா தன் முந்தானையால் முகத்தைத் துடைத்துவிட்டார். எல்லோரும் நல்லவர்கள். ஒரு மணி நேரம் கழித்துத் தக்காளி ஏற்றிய டெம்போ ஒன்று நின்றது. டிரைவர் தக்காளிக் கூடைகளை ரோட்டோரம் இறக்கி வைத்துவிட்டு இடம் பண்ணிக் கொடுத்தார். நாலு பேர் ஆளுக்கொரு பக்கம் பிடித்துத் தூக்கினார்கள். கால் மடங்கித் தொங்கியது. உள்ளேயே இருந்த எலும்பு அப்போதுதான் தோலைக் கிழித்துக்கொண்டு வெளியே வந்தது. அதிலிருந்து சீழ் பிடித்து, மூன்று வாரத்தில் காலை எடுக்க வேண்டியதாயிற்று. "லாரி முறிச்சதைவிட, தூக்கினதுலதான் கெட்டுப்போச்சு" என்று ஆஸ்பத்திரியில் டாக்டர் சொன்னார். பெரியப்பா மட்டும் கடைசி வரை அந்த டெம்போ டிரைவரைக் குலதெய்வம் மாதிரிதான் சொல்வார்.

அங்கே இரக்கத்துக்கு ஒரு குறையும் இல்லை. தூக்கத் தெரிந்த இரண்டு கைகளும் ஒரு பலகையும்தான் இல்லை. லெட்டர்மேனைப் படிக்கப் படிக்க எனக்கு அந்தச் சாலைதான் கண்முன் வந்தது.

பென்சில்வேனியாவில் கேனன்ஸ்பர்க் என்ற சிற்றூரில் 1824 டிசம்பர் 11 அன்று பிறந்தவர். அப்பாவும் டாக்டர். ஃபிலடெல்ஃபியாவில் ஜெஃபர்சன் மருத்துவக் கல்லூரியில் 1849இல் படித்து முடித்தார், அதே வருடம் ராணுவத்தில் உதவி சர்ஜனாகச் சேர்ந்தார். அடுத்த பன்னிரண்டு வருடங்களும் ஃபுளோரிடா, மினசோட்டா, நியூ மெக்சிகோ, கலிஃபோர்னியா என்று எல்லைக் கோட்டைகளிலேயே ஓடின. பூர்வகுடிகளோடு ராணுவம் மோதிய இடங்கள் அவை. அந்தப் போர்களின் நியாயம் வேறு கதை. ஒரு டாக்டராக அவர் அங்கே கற்றது, கடைக்கோடியில், கையில் இருக்கும் கொஞ்சம் மருந்தையும் கொஞ்சம் ஆட்களையும் வைத்துச் சமாளிப்பதை.

1861இல் உள்நாட்டுப் போர் தொடங்கியபோது வடக்குப் படையிடம் ஆம்புலன்ஸ் வண்டிகள் இருந்தன. ஆனால் அவை டாக்டர்களின் கையில் இல்லை. தளவாடங்களைக் கவனிக்கும் துறையிடம் இருந்தன. அவசரமென்றால் அதே வண்டியில் மூட்டை ஏறும், அதிகாரியின் பெட்டி படுக்கை ஏறும், சில சமயம் அதிகாரியே ஏறி ஊர் சுற்றுவார். ஓட்டுபவர்கள் கூலிக்கு வந்த வெளியாட்கள். வண்டிகளில் பல இரண்டு சக்கர வண்டிகள். மேடு பள்ளத்தில் அவை குலுக்கிய குலுக்கலுக்குப் பயந்து, தவழ்ந்தாவது போகிறேன் என்றவர்கள் உண்டு. ஸ்ட்ரெச்சர் தூக்குவது பெரும்பாலும் பேண்டு வாத்தியக்காரர்களின் பொறுப்பு. குண்டு பறக்கும் இடத்தில், பழக்கமே இல்லாத வேலையை, நேற்றுவரை ஊதுகுழல் ஊதியவனிடம் கொடுத்தால் என்ன ஆகும்?

1861 ஜூலையில் புல் ரன் என்ற இடத்தில் நடந்த முதல் பெரிய சண்டையில் அது தெரிந்தது. அடிபட்டவர்கள் பலர், கையைப் பிடித்துக்கொண்டும் வயிற்றைப் பிடித்துக்கொண்டும், 25 மைலுக்கு மேல் நடந்தே வாஷிங்டன் வந்து சேர்ந்தார்கள். நடக்க முடியாதவர்கள் கிடந்த இடத்திலேயே கிடந்தார்கள்.

இன்னொரு சங்கடமும் இருந்தது. ஒருவன் விழுந்தால், பக்கத்தில் நின்று சுடும் இரண்டு மூன்று பேர் துப்பாக்கியைப் போட்டுவிட்டு அவனைத் தூக்கிக்கொண்டு போவார்கள். நண்பன் மேல் உள்ள பாசம் பாதி. அந்த நரகத்தை விட்டு நகர ஒரு வழி கிடைத்ததே என்பது மீதி. யாரைக் குறை சொல்ல? போனவர்களில் பலர் திரும்பி வரமாட்டார்கள். வரிசை கலையும், விழுகிறவர்கள் எண்ணிக்கை இன்னும் கூடும். நான் கல்நெஞ்சம் என்று நினைத்த அந்தத் தடைக்குப் பின்னால் இருந்த கணக்கு இதுதான். நண்பன் தூக்கக் கூடாது என்று சொல்ல வேண்டுமானால், தூக்குவதற்கு வேறு ஆள் கட்டாயம் வருவான் என்று முதலில் காட்ட வேண்டும். பச்சை நாடா அதற்காக.

1862 கோடையில் ராணுவத்தின் புதிய தலைமை மருத்துவர் வில்லியம் ஹாமண்ட், தன் நண்பரான லெட்டர்மேனை, வடக்கின் படைகளில் ஒன்றான போட்டோமாக் படையின் மருத்துவ இயக்குநராக அனுப்பி வைத்தார். ஜூலை தொடக்கத்தில் வர்ஜீனியாவில் ஜேம்ஸ் ஆற்றங்கரை முகாமுக்கு லெட்டர்மேன் போய்ச் சேர்ந்தபோது, ஒரு லட்சம் பேர் கொண்ட படை தோற்றுப் பின்வாங்கிச் சேற்றில் கிடந்தது. ஏறத்தாழ ஐந்தில் ஒருவருக்குக் காய்ச்சல், பேதி, ஸ்கர்வி என்று ஏதோ ஒன்று. மருந்துப் பெட்டிகள் பாதி பின்வாங்கும் வழியிலேயே போய்விட்டன.

அவர் முதலில் கேட்டது என்ன தெரியுமா? உருளைக்கிழங்கு, வெங்காயம், எலுமிச்சை. காய்கறி இல்லாமல்தான் ஸ்கர்வி வருகிறது என்று அவருக்குத் தெரியும். அப்புறம் கூடாரங்கள் வேண்டும், கிணறு வெட்ட வேண்டும், கழிவுக் குழிகளைத் தினமும் மண் போட்டு மூட வேண்டும், சிப்பாய்கள் வாரம் ஒருமுறையாவது குளிக்க வேண்டும், ஆளாளுக்குச் சட்டி வைத்துச் சமைக்காமல் ஒரு கம்பெனிக்கு ஒரு சமையல் என்று நடக்க வேண்டும் என்று வரிசையாகக் கேட்டார். கிருமிகள்தான் நோய்க்குக் காரணம் என்று பெரும்பாலான டாக்டர்களுக்குத் தெரியாத காலம். பிரிட்டனில் லிஸ்டர் என்ற சர்ஜன் தன் கிருமிநாசினி முறையை வெளியிட இன்னும் ஐந்து வருடம் இருந்தது. காரணம் தெரியாமலேயே காரியத்தைச் சரியாகச் செய்தார். அந்தப் போரில் செத்தவர்களில் மூன்றில் இரண்டு பங்கு பேரைக் கொன்றது நோய்; குண்டு அல்ல. ஆகவே ஒரு போர் டாக்டரின் மூட்டையிலிருந்து முதலில் வெங்காயம் வெளியே வந்ததில் ஆச்சரியம் இல்லை.

அதே முகாமில் உட்கார்ந்து எழுதியதுதான் அந்த ஆகஸ்ட் உத்தரவு. முழுதாகப் படித்துப் பார்த்தால் ஒரு வீட்டுக்காரம்மா கல்யாணத்துக்குச் சாமான் எழுதியது போல, ஒன்றையும் விடாமல் எழுதியிருக்கிறார். ஆம்புலன்ஸ் படை தனிப்படை. அதற்குத் தனி அதிகாரிகள், மேலே ஒரு கேப்டனிலிருந்து கீழே ஒரு சார்ஜென்ட் வரை. ஒவ்வொரு வண்டிக்கும் ஓர் ஓட்டுநர், தூக்க இரண்டு பேர், இரண்டு ஸ்ட்ரெச்சர். ஆட்களைப் பார்த்துத் தேர்ந்தெடுக்க வேண்டும். யாருக்கும் வேண்டாதவனைத் தள்ளிவிடும் இடமாக இது இருக்கக் கூடாது. ஒருவனை எப்படி ஸ்ட்ரெச்சரில் கிடத்துவது, எப்படி வண்டியில் ஏற்றுவது, எப்படி இறக்குவது என்று சண்டை இல்லாத நாட்களில் பயிற்சி நடக்க வேண்டும். நோயாளியையும் மருந்துச் சாமானையும் தவிர வேறெதையும் வண்டியில் ஏற்றக் கூடாது, எவ்வளவு பெரிய அதிகாரி சொன்னாலும்.

இதைப் படித்த அன்று ராத்திரி வெகுநேரம் தூக்கம் வரவில்லை. எப்படிக் கிடத்துவது, எப்படி ஏற்றுவது, எப்படி இறக்குவது. 1862இல் ஒரு மனிதர் இதை உட்கார்ந்து யோசித்திருக்கிறார். ஆட்களுக்குச் சொல்லிக் கொடுக்கச் சொல்லியிருக்கிறார். 132 வருடம் கழித்து எங்கள் ஊர்ச் சாலையில் நாலு நல்ல மனிதர்களுக்கு அது தெரிந்திருக்கவில்லை.

அந்த மாதக் கடைசியில் இரண்டாவது புல் ரன் சண்டை நடந்தது. அங்கே சண்டையிட்டது பெரும்பாலும் வேறொரு தளபதியின் கீழிருந்த படை. லெட்டர்மேனின் ஏற்பாடு அங்கே கிடையாது. கூலி ஓட்டுநர்கள் குண்டுச் சத்தம் கேட்டதும் ஓடினார்கள், சிலர் மருந்துக்கு வைத்திருந்த சாராயத்தைக் குடித்துவிட்டுக் கிடந்தார்கள். ஆயிரக்கணக்கானோர் நாட்கணக்கில் களத்திலேயே கிடந்தார்கள், வெயிலிலும் மழையிலும், தண்ணீர் கேட்டுக்கொண்டே.

மூன்று வாரம்கூட ஆகவில்லை, ஆன்டீட்டம். 1862 செப்டம்பர் 17. விடிந்ததிலிருந்து பொழுது சாயும் வரை ஒரே பகல். இரண்டு பக்கமும் சேர்த்துச் செத்தவர்கள், அடிபட்டவர்கள், காணாமல் போனவர்கள் ஏறக்குறைய 23,000 பேர். அமெரிக்க வரலாற்றில் ஒரே நாளில் இவ்வளவு ரத்தம் வேறெந்த நாளும் சிந்தியதில்லை. வடக்குப் படையில் மட்டும் காயம்பட்டவர்கள் 9,500 பேர் அளவில். நம் பழைய பாட்டுகளில் வரும் பிணக்களக் காட்சிகளை வாசிக்கும்போது மிகையென்று நினைத்திருக்கிறேன். ஆன்டீட்டத்தில் பிணங்கள் குவிந்த பள்ளச் சாலையின் புகைப்படத்தைப் பார்த்த பிறகு அப்படி நினைப்பதில்லை.

புதிய ஆம்புலன்ஸ் படை அப்போது எல்லாப் பிரிவுகளுக்கும் போய்ச் சேர்ந்திருக்கவில்லை. மருந்து வரும் ரயில் பாதையில் மொனாக்கசி ஆற்றுப் பாலத்தை எதிரிப் படை தகர்த்திருந்ததால் சரக்கெல்லாம் அங்கேயே தேங்கி நின்றது. இவ்வளவுக்கும் நடுவில், தங்கள் வசமிருந்த பகுதியில் கிடந்தவர்களில் பெரும்பாலோரை மறுநாளுக்குள் தூக்கிவிட்டார்கள். மூன்று வாரத்துக்கு முன் நாட்கணக்கு, இப்போது மணிக்கணக்கு.

எங்கே கொண்டுபோய் வைத்தார்கள் என்பதும் முக்கியம். வீடுகளைவிடத் தானியக் கொட்டகைகளே மேல் என்றார் லெட்டர்மேன். கீழே வைக்கோல் மெத்தை, நாலு பக்கமும் காற்று. மூடிய அறைகளில் படுத்தவர்களைவிடக் கூடாரத்திலும் திறந்தவெளியிலும் கிடந்தவர்கள் சீக்கிரம் தேறியதை அவர் கவனித்து எழுதியிருக்கிறார். கண்ட கண்ட காயக்காரர்களை எல்லாம் வண்டியில் ஏற்றி ஊருக்கு அனுப்பவும் விடவில்லை. நகர்த்தினால் செத்துவிடுவான் என்று தோன்றியவர்களுக்காக அங்கேயே கூடார மருத்துவமனைகள் போட்டார். ஸ்மோக்டவுன் என்ற இடத்தில் போட்டது அடுத்த வருடம் வசந்தகாலம் வரை நடந்தது. எப்போது தூக்க வேண்டும் என்று தெரிந்தவருக்கு, எப்போது தூக்கக் கூடாது என்பதும் தெரிந்திருந்தது.

பத்திரிகைகள் அப்போது ராணுவ டாக்டர்களைக் கசாப்புக்காரர்கள் என்று எழுதின. கொட்டகை வாசலில் குவிந்த கை கால்களைப் பார்த்தவர்களுக்கு அப்படித்தான் தோன்றியிருக்கும். அந்தப் போரில் பயன்பட்ட மினியே குண்டு மெத்தென்ற ஈயம். எலும்பில் பட்டால் நொறுக்கிவிடும். நொறுங்கிய எலும்பை வைத்திருந்தால் சீழ் பிடித்துச் சாவு. லெட்டர்மேன் தன் அறிக்கையில் திருப்பிச் சொன்னது பலருக்கு அதிர்ச்சியாக இருந்திருக்கும். கத்தியை அதிகமாக எடுத்ததல்ல தவறு, எடுக்க வேண்டிய இடத்தில் தயங்கிக் காலைக் காப்பாற்றப் பார்த்ததுதான் அதிகம் நடந்தது என்றார். ஆனால் அறுப்பது யார் என்பதில் மிகக் கண்டிப்பாக இருந்தார். அக்டோபரில் போட்ட அடுத்த உத்தரவில், டிவிஷன் எனப்படும் ஒவ்வொரு பெரிய படைப்பிரிவுக்கும் ஒரு மருத்துவமனை, அதில் அறுவை செய்ய மூன்று பேர் என்று வைத்தார். அந்த மூவரையும் பதவியைப் பார்த்துத் தேர்ந்தெடுக்கக் கூடாது, கைத்திறனை மட்டும் பார்க்க வேண்டும். ஒருவர் சாப்பாட்டையும் தங்குமிடத்தையும் கவனிப்பார். ஒருவருக்கு வேலையே, வந்தவன் பெயர், காயம், என்ன செய்தோம், இறந்தால் எங்கே புதைத்தோம் என்று எழுதி வைப்பது.

பெயர் எழுதுவதற்கென்று ஒரு டாக்டரை ஒதுக்கியிருக்கிறார் என்பதைப் படித்தபோது எனக்குக் கண் கலங்கிவிட்டது. எங்கோ ஒரு பண்ணை வீட்டில் காத்துக்கொண்டிருக்கும் அம்மாவை அவர் நினைத்திருக்க வேண்டும்.

டிசம்பரில் ஃப்ரெடெரிக்ஸ்பர்க். வடக்குப் படைக்குப் பெருந்தோல்வி. மருத்துவப் படைக்கோ முழு ஏற்பாடும் முதன்முறையாகக் கைகொடுத்த சண்டை. குளிர் இரவில் விளக்குகூடக் கொளுத்த முடியாமல், விளக்கொளியைப் பார்த்தால் எதிரி சுடுவான் என்பதால், இருட்டில் தடவித் தடவி ஆட்களைத் தூக்கி வந்தார்கள்.

கெட்டிஸ்பர்க் வேறு மாதிரி. 1863 ஜூலை 1 முதல் 3 வரை. வடக்குப் படைத் தளபதி மீட், சாலைகளில் நெரிசல் வேண்டாம் என்று மருத்துவ வண்டிகள் உட்பட எல்லாச் சரக்கு வண்டிகளையும் வெகுதூரம் பின்னால் நிறுத்திவிட்டார். லெட்டர்மேன் எவ்வளவு சொல்லியும் கேட்கவில்லை. ஆம்புலன்ஸ்கள் மட்டும் வந்தன, ஏறத்தாழ ஆயிரம். ஆகவே ஆட்களைத் தூக்கிக் கொண்டுவந்துவிட்டார்கள். கொண்டுவந்த இடத்தில் கூடாரம் போதவில்லை, சாப்பாடு போதவில்லை. தெற்குப் படை விட்டுவிட்டுப் போன தன் காயக்காரர்களையும் சேர்த்து 20,000க்கு மேல். மீட்டின் படை எதிரியைத் துரத்திக்கொண்டு நகர்ந்தது. நூறு டாக்டர்களை மட்டும் விட்டுவிட்டு லெட்டர்மேனும் கூடவே போக வேண்டியிருந்தது. பிறகு ஜூலை 22 அன்று யார்க் சாலையோரம் பெரிய கூடார மருத்துவமனை திறந்தார்கள். அதற்கு வைத்த பெயர் கேம்ப் லெட்டர்மேன். 4,000க்கும் மேற்பட்டோர் அங்கே படுத்திருந்தார்கள், வடக்கு தெற்கு என்ற வேறுபாடில்லாமல்.

இத்தனைக்குப் பிறகும் இது அந்த ஒரு படையின் ஏற்பாடாகத்தான் இருந்தது. நாடு முழுவதற்கும் சட்டமாக்க மனமில்லாமல் வாஷிங்டன் இழுத்தடித்தது. பாஸ்டனில் ஹென்றி பௌடிச் என்ற டாக்டர் அதற்காகப் போராடிக்கொண்டிருந்தார். 1863 மார்ச்சில், கெல்லிஸ் ஃபோர்டு குதிரைப்படைச் சண்டையில் அவருடைய மகன் நதானியேல் அடிபட்டு விழுந்தான். ஏற்றிச் செல்ல ஆம்புலன்ஸ் இல்லை. மறுநாள் இறந்துபோனான். அந்தத் தகப்பன் எழுதிக்கொண்டே இருந்தார், கேட்டுக்கொண்டே இருந்தார். 1864 மார்ச் 11 அன்று ஆம்புலன்ஸ் படைச் சட்டம் நிறைவேறியது.

அப்போது லெட்டர்மேன் அந்தப் பொறுப்பில் இல்லை. ஜனவரியிலேயே விலகிவிட்டார். ஆன்டீட்டம் சமயத்தில் அறிமுகமான மேரி லீ என்ற மேரிலாண்டுப் பெண்ணை 1863 அக்டோபரில் கல்யாணம் செய்திருந்தார். அவரை அனுப்பிவைத்த ஹாமண்டை, போர்த்துறை அமைச்சருடன் ஏற்பட்ட பகையில் ராணுவ நீதிமன்றம் வரை இழுத்துப் பதவியைப் பறித்தார்கள். 1864 டிசம்பரில் லெட்டர்மேன் ராணுவத்தையே விட்டார்.

அதன் பிறகு வந்த வாழ்க்கையை எழுதக் கை தயங்குகிறது. கலிஃபோர்னியாவுக்குப் போய் ஓர் எண்ணெய்க் கம்பெனிக்கு மேற்பார்வையாளராக இருந்தார், எண்ணெய் கிடைக்கவில்லை. சான் ஃபிரான்சிஸ்கோவில் டாக்டர் தொழில் தொடங்கினார். 1866இல் போர்க்கால நினைவுகளை ஒரு நூலாக எழுதினார். அடுத்த வருடம் நகரத்தின் கொரோனராகத் தேர்ந்தெடுக்கப்பட்டார். இறந்தவர்கள் எப்படி இறந்தார்கள் என்று விசாரிக்கும் வேலை. அதே 1867 நவம்பரில் மனைவி இறந்துபோனார். இரண்டு சின்னப் பெண்கள். மனம் உடைந்து, நெடுநாள் வயிற்று நோயில் உடம்பும் உடைந்து, 1872 மார்ச் 15 அன்று லெட்டர்மேன் இறந்தார்.

1911இல் சான் ஃபிரான்சிஸ்கோ பிரெசிடியோ ராணுவ மருத்துவமனைக்கு அவர் பெயரை வைத்தார்கள். இரண்டு உலகப் போர்களிலும் அங்கே வந்து படுத்த காயக்காரர்களுக்கு அந்தப் பெயர் தெரிந்திருக்கும். அந்த மருத்துவமனையும் இப்போது இல்லை. அவருடைய உடல் ஆர்லிங்டன் ராணுவக் கல்லறையில் மனைவிக்குப் பக்கத்தில் இருக்கிறது. போன மாதம் போய்ப் பார்த்துவிட்டு வந்தேன்.

அன்று சாயங்காலம் பெரியம்மாவுக்கு போன் செய்தேன். தாராபுரத்தில் அப்போது விடிகாலை; மாட்டுக்குத் தீவனம் வைத்துக்கொண்டே பேசினார். பெரியப்பா போய் ஒன்பது வருடம் ஆகிறது. ஒற்றைக் காலோடு இருபது வருடத்துக்கு மேல் தோட்டம் பார்த்தவர். நான் லெட்டர்மேனைப் பற்றிச் சொன்னேன். வண்டி, ஸ்ட்ரெச்சர், இருட்டில் தூக்கி வந்தது, பெயர் எழுதச் சொன்னது, எல்லாவற்றையும். குறுக்கே பேசாமல் கேட்டார்.

"அந்த டாக்டருக்கு எத்தனை வயசு கண்ணு, போகையில?"

"நாப்பத்தேழு, பெரியம்மா."

"நாப்பத்தேழா…" கொஞ்ச நேரம் மாடு தண்ணீர் உறிஞ்சும் சத்தம் மட்டும் கேட்டது. "லாரி இடிச்சப்ப உங்க பெரியப்பாவுக்கும் நாப்பத்தேழுதான் கண்ணு."